பெயிண்ட் டப்பாவில் நீலப்பூ

பெயர், தகப்பனார் பெயர், முகவரி மேலே எழுதியிருப்பவை சரி. வயது நாற்பத்தொன்று. மனைவி, மகளுடன் குடியிருந்து பொக்லைன் ஓட்டி வருகிறேன். யாரும் மிரட்டாமல் நானாகவே சொல்கிறேன்.

நேற்று காலை சாலையை அகலப்படுத்தக் குன்றுச் சரிவில் மண் வெட்டச் சென்றேன். சூப்பர்வைசர் வரவில்லை. போனில் கேட்டதற்கு, "அடையாளம் வெச்சிருப்பாங்க, பாத்து வெட்டு" என்றார். சரிவில் ஓரிடத்தைச் சுற்றிச் சிவப்பு ரிப்பன் கட்டியிருந்தது. எங்கள் தொழிலில் ரிப்பன் கட்டியிருந்தால் அதற்குள் வெட்ட வேண்டும். வண்டியில் ஏறிய நாள் முதல் அப்படித்தான் வெட்டுகிறேன். யார் கட்டியது என்று ரிப்பனில் எழுதியா இருக்கிறது? உள்ளே இருந்ததை மொத்தமாக வழித்துவிட்டேன். அதன் பிறகுதான் மண்ணோடு கிடந்த நீலப்பூக்களைப் பார்த்தேன். மனசு கேட்காமல் ஒரு செடியை மட்டும் மகளுக்காகச் சாப்பாட்டுப் பையில் எடுத்து வைத்தேன்.

அதன் பிறகு செடிகளை ஆராய்ச்சி செய்யும் அம்மா ஒருவர் ஓடி வந்தார். யாரும் தொடக்கூடாது என்று அவர்தான் ரிப்பன் கட்டினாராம். உலகத்திலேயே அந்தச் சரிவில் மட்டும்தான் இந்தப் பூ உண்டாம். மண்ணைக் கையால் கிளறிப் பார்த்து, ஒரு செடிகூட முழுசாக இல்லை என்று அப்படியே உட்கார்ந்துவிட்டார். பையில் இருப்பதைச் சொல்லாமல் வீட்டுக்கு எடுத்து வந்துவிட்டேன்.

வீட்டில் மகள் அதைப் பெயிண்ட் டப்பாவில் நட்டாள். அடியில் ஓட்டை போட ஆணி தேடினேன், கிடைக்கவில்லை. நாளைக்குப் பார்க்கலாம் என்று விட்டுவிட்டேன்.

இன்று காலை போலீஸ் ஜீப் வந்தபோது என் மைத்துனன் காதோடு, "செடியப் பத்தி மூச்சு விடாதீங்க மாமா. வெட்டுனது தெரியாம செஞ்சதுன்னு ஆகும், வீட்ல வெச்சிருந்தா திருட்டு" என்றான். மனைவி, "நீங்க கவலப்படாம போங்க. செடிக்கு வேளாவேளைக்கு நான் தண்ணி ஊத்திக்கறேன்" என்றாள்.

அதன் பிறகு இங்கே ஸ்டேஷன் பெஞ்சில் இருந்தேன். பக்கத்து அறையில் அந்த அம்மா இன்ஸ்பெக்டரிடம், "அது பாறைல வளர்ற செடி சார். வேர்ல தண்ணி தேங்குனா ஒரே நாள்ல அழுகிப்போயிடும்" என்று சொன்னது காதில் விழுந்தது. அப்போதிருந்து என்னால் உட்கார முடியவில்லை. என் போன் உங்கள் மேஜையில் இருக்கிறது. கேட்டதற்கு, எழுதி முடித்த பிறகு பார்க்கலாம் என்றீர்கள்.

இதைப் படித்துக் காட்டக் கேட்டேன், நான் சொன்னபடிதான் இருக்கிறது, அத்தனையும் உண்மை. திருட்டு என்றே வழக்குப் போடுங்கள். கையெழுத்துப் போடுகிறேன், அதற்குள் யாராவது என் வீட்டுக்குப் போன் செய்து, தண்ணீர் ஊற்ற வேண்டாம் என்று சொல்லுங்கள்.

(ஒப்பம்)