விரிப்பின் மறுமுனையைப் பிடித்தவர்

மேடையில் அமர்ந்திருக்கும் நம் சலவை ஆலைத் தொழிலாளர் சங்கத்தின் தலைவர் அவர்களே, முன்வரிசையில் தலை குனிந்து உட்கார்ந்திருக்கும், நம் செயலாளரின் கணவர், நான் மாமா என்று கூப்பிடும் தையல்காரர் அவர்களே, அவர் தோளைப் பிடித்துக்கொண்டிருக்கும் மகளே, உடை மாற்றக்கூட நேரமில்லாமல் வந்திருக்கும் கொதிகலன் பிரிவுத் தோழர்களே, என்னோடு மடிப்பு மேஜையில் நிற்கிறவர்களே, அழுக்குத் துணி பிரிக்கும் அறையிலிருந்து வந்து வழக்கம்போலக் கடைசி வரிசையில் உட்கார்ந்துவிட்ட அம்மாக்களே, தங்கைகளே, உங்கள் எல்லோருக்கும் என் வணக்கம்.

தலைவர் என்னை "சங்கத்தின் மூத்த உறுப்பினர்" என்று அறிமுகம் செய்தார். தலைவர் மன்னிக்க வேண்டும். நான் மூத்தவன்தான், தலைமுடியே சாட்சி. ஆனால் உறுப்பினர் இல்லை. ஒன்பது வருடமாக இல்லை. தலைவரே, உட்காருங்கள். மைக்கைப் பிடுங்கிவிடாதீர்கள். இந்த உண்மை இந்த ஆலையில் ஒரே ஒருவருக்குத்தான் தெரியும். அவர் இதோ படமாகிவிட்டார். இதைச் சொல்லாமல் அவரைப் புகழ்ந்துவிட்டு இறங்கினால், அந்தப் படத்தை நான் எந்த முகத்தோடு திரும்பிப் பார்ப்பேன்?

நம் செயலாளர். பதினான்கு வருடம் இந்தச் சங்கத்தைத் தோளில் தூக்கிய செயலாளர். நேரில் பார்க்கும்போது செயலாளர், அந்தப் பக்கம் திரும்பியதும் பீச்சாங்கை அக்கா. நமக்கு வைக்கத் தெரிந்த பேர் அவ்வளவுதான். அவருக்கும் அது தெரியும். ஒருமுறை நிர்வாகத்துக்கு எழுதிய கடிதத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு, "இது பீச்சாங்கையால போட்டது, செல்லுமான்னு கேட்டுச் சொல்லுங்க" என்று என்னிடம் நீட்டினார். அவர் சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

அந்த இடக்கையைப் பற்றி என்னைவிட யாருக்குத் தெரியும்? பத்தொன்பது வருடம் அவருக்கு எதிரே நின்று ஆஸ்பத்திரி விரிப்புகளை மடித்தவன் நான். நம் வேலை தெரியாத உறவினர்களும் இங்கே இருக்கிறீர்கள், உங்களுக்காகச் சொல்கிறேன். துணியைத் தேய்க்கும் சூடான உருளையிலிருந்து விரிப்பு வெளியே வரும். இரண்டு பேர் ஆளுக்கு இரண்டு முனையைப் பிடிக்க வேண்டும். நான் வலது கையைத் தூக்குவேன், அவர் இடது கையைத் தூக்குவார். எதிரெதிரே நிற்பவர்களுக்கு இரண்டும் ஒரே பக்கம். பேச வேண்டாம், பார்க்கவும் வேண்டாம், துணி தானாகச் சேர்ந்துவிடும். இரண்டு வலக்கைக்காரர்கள் நின்றால் யாராவது ஒருவர் கை மாற்றிக்கொள்ள வேண்டும். மறந்தால் துணி முறுக்கிக்கொள்ளும், விளிம்பு உள்ளே போய்விடும். எங்களுக்கு அந்தக் கவலையே இருந்ததில்லை.

அவர் செயலாளர் ஆகும் முன் நம் நிலைமை என்ன? மடித்த விரிப்புக்குத்தான் கூலி. மின்சாரம் நின்றால் நம் கூலியும் நின்றது. காய்ச்சல் வந்தால் வீட்டில் படுக்கலாம், சம்பளம் மட்டும் வீட்டுக்கு வராது. மாதச் சம்பளம் யார் வாங்கிக் கொடுத்தது? பிள்ளை பெற்றவளுக்கு விடுப்பு யார் வாங்கிக் கொடுத்தது? பிரிக்கும் அறைக்குக் கையுறை எப்படி வந்தது என்று நினைவிருக்கிறதா? ஆஸ்பத்திரித் துணியில் ஊசி கிடக்கும், விரலில் ஏறும். இரண்டு வருடம் கடிதம் எழுதினார், பதில் இல்லை. ஒருநாள் பிரிக்காத மூட்டை ஒன்றைத் தூக்கிக்கொண்டு போய் மேலாளரின் மேஜையில் வைத்தார். சண்டை போடவில்லை, குரலைக்கூட உயர்த்தவில்லை. "உள்ள கைய விட்டு ஒரே ஒரு துணிய எடுங்க சார், நான் போயிடறேன்" என்றார். மேலாளர் மூட்டையைப் பார்த்தார், தன் கையைப் பார்த்தார். அடுத்த வாரம் கையுறை வந்தது.

இனி என் கதைக்கு வருகிறேன்.

ஒன்பது வருடத்துக்கு முன் சம்பள ஒப்பந்தப் பேச்சு நடந்தது. மடிப்பு, துவைப்பு, கொதிகலன் பிரிவுகளுக்கு நல்ல உயர்வு தருகிறோம், பிரிக்கும் அறைப் பெண்கள் ஒப்பந்த ஆட்கள், அவர்களைப் பற்றிப் பேச வேண்டாம் என்றது நிர்வாகம். அக்கா மறுத்தார். உயர்வு குறைந்தாலும் பரவாயில்லை, பிரிக்கும் அறைக்கும் அதே உயர்வு வேண்டும், எல்லோருக்கும் சம்பளத்தோடு நோய் விடுப்பு வேண்டும் என்றார். பொதுக்கூட்டத்தில் வாக்கெடுத்தோம். மிகக் குறைந்த வித்தியாசத்தில் அவர் பக்கம் நிறைவேறியது.

எதிர்த்து வாக்களித்தவர்களில் நான் ஒருவன். அதோடு நிற்கவில்லை. மறுநாள் ஆலை வாசலில் ஒரு பெட்டி மேல் ஏறி நின்றேன். அம்மாக்களே, அன்று நான் சொன்னதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். தெரியாதவர்களுக்காக, என் வாயாலேயே திரும்பச் சொல்கிறேன். "மூட்டை பிரிக்கிறதுக்கு ஆள் நாளைக்கே கெடைக்கும். அவங்களுக்காக என் சம்பளத்த எதுக்குக் கொறைக்கணும்?" இதுதான் நான் சொன்னது. அப்போது பிரிக்கும் அறைப் பெண்கள் வேலைக்கு உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். ஒருவர் மட்டும் நின்று முழுவதையும் கேட்டுவிட்டுப் போனார்.

அன்று மாலையே விலகல் கடிதம் கொடுத்தேன். அக்கா அதைப் படித்தார், நான்காக மடித்தார், பைக்குள் வைத்தார். என் பெயரைப் பட்டியலிலிருந்து அடித்துவிட்டார். அதில் ஒளிவு மறைவு இல்லை. எனக்காக அவர் சந்தா கட்டினாரா என்று கேட்பீர்கள். கட்டவில்லை. பொய்க்கணக்கு எழுதும் ஆள் இல்லை அவர். ஆனால் யாரிடமும் சொல்லவில்லை. சந்தாவை அவரேதான் நேரில் வாங்குவார், பட்டியலும் அவரிடம்தான் இருக்கும், அதனால் வேறு யாருக்கும் தெரியவில்லை. நானும் கூட்டங்களுக்கு வந்து பின்னால் நின்றுவிட்டுப் போவேன். வெட்கம் கெட்டவனுக்கு நாற்காலி எதற்கு?

ஏழு மாதம் அவரோடு பேசவில்லை. எட்டு மணி நேரம் எதிரெதிரே நின்று ஒரே துணியைப் பிடித்துக்கொண்டு பேசாமல் இருப்பது எப்படி என்று கேட்கிறீர்களா? முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டால் முடியும். ஒவ்வொரு மடிப்புக்கும் முனையோடு முனை சேர்க்க நடந்து வருவோம், விரலோடு விரல் படும். அவர் "சாப்டியா?" என்பார். நான் துணியைப் பார்ப்பேன். மறுநாளும் கேட்பார். ஏழு மாதம் கேட்டார்.

ஏழாவது மாதம் ரோஷம் பொத்துக்கொண்டு வந்து, மேற்பார்வையாளரிடம் சொல்லி ஆள் மாற்றிக்கொண்டேன். புது ஆள் வலக்கை. என் கையோ அக்காவுக்குப் பழகிய கை. முதல் நாளே நாற்பது விரிப்பு விளிம்பு உள்ளே போய்க் கிடந்தது. மேற்பார்வையாளர் பார்த்திருந்தால் அன்று என் தலை உருண்டிருக்கும். சாப்பாட்டு நேரத்தில் கை கழுவிவிட்டு வந்தால், அந்த நாற்பதையும் பிரித்துப் போட்டு மடித்துக்கொண்டிருக்கிறார் அக்கா. ஒற்றை ஆளாக! ஒரு முனையைத் தாடையில் இடுக்கிக்கொண்டு! நான் போய் மறுமுனையைப் பிடித்தேன். "சாப்டேன்" என்றேன். அவ்வளவுதான் எங்கள் சமாதானப் பேச்சுவார்த்தை. மறுநாளே பழையபடி அக்காவுக்கு எதிரே நின்றேன்.

சண்டை தீர்ந்ததே, சங்கத்தில் சேர்ந்தேனா? இல்லை. இன்றைக்கு, நாளைக்கு என்று தட்டிக்கழித்தேன். சேராமல் எனக்கு என்ன குறைந்தது? ஒன்றும் குறையவில்லை. ஒவ்வொரு ஒப்பந்தத்திலும் உங்களுக்கு வந்த உயர்வு எனக்கும் வந்தது. நான்கு வருடம் முன் உருளையில் கை வெந்தபோது ஆறு வாரம் வீட்டில் இருந்தேன், சம்பளம் தவறாமல் வந்தது. எந்த விடுப்பு அது? நான் எதிர்த்து வாக்களித்த அதே விடுப்பு. அம்மாக்களே, உங்களுக்காக அக்கா கேட்டு வாங்கியதை வயிறார அனுபவித்தவன் நான்.

என் தம்பி இதே தெருக்கோடியில் இன்னொரு சலவைக் கூடத்தில் வேலை செய்கிறான். அதே உருளை, அதே ஆவி, அதே எட்டு மணி நேரம். என்னைவிட வேகமாக மடிப்பான். அவன் சம்பளம் என் சம்பளத்தில் முக்கால்வாசிகூட வராது. போன மழைக்காலத்தில் காய்ச்சலோடு வேலைக்குப் போய் உருளைக்குப் பக்கத்திலேயே மயங்கி விழுந்தான். நானும் அவனும் ஒரே வயிற்றில் பிறந்தவர்கள். என்ன வித்தியாசம்? அங்கே சங்கம் இல்லை, இங்கே இருக்கிறது. படுத்திருந்தவன் என்னைப் பார்த்து, "உங்க சங்கத்துல எப்படிண்ணே சேர்றது? எங்க ஆளுங்களுக்கும் சொல்லேன்" என்றான். தண்ணீர் கொண்டு வருகிறேன் என்று எழுந்து போய்விட்டேன்.

அப்போதாவது வந்து சேர்ந்திருக்க வேண்டும். அதற்குள் அக்கா நோயில் படுத்துவிட்டார்.

ஐந்து வாரம் ஆஸ்பத்திரி. நான் பார்க்கப் போனது இரண்டாவது வாரம். மாமா மருந்து வாங்கப் போயிருந்தார். அக்கா படுத்திருந்தது நம் ஆலை விரிப்பில். அவர் இடக்கை விரிப்பின் ஓரத்தைத் தடவிக்கொண்டே இருந்தது. காலையில்தான் புதிதாக விரித்தார்களாம், மடித்த தடம் இன்னும் தெரிந்தது. "இது நீ மடிச்சது. விளிம்பு உள்ள போயிருந்திருக்கு, பாரு" என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. எதிரே வலக்கைக்காரன் நிற்கிறான் அக்கா, நான் என்ன செய்ய என்றேன்.

பிறகு சொன்னார், அதை அப்படியே சொல்கிறேன். "ஒன்பது வருஷமா உன்கிட்ட நான் சேருன்னு கேக்கல. எல்லாரையும் கேட்டேன், உன்ன மட்டும் கேக்கல. கேட்டா மறுபடியும் வேற ஆளு பாத்துக்குவியோன்னு பயந்துட்டேன். அது செயலாளரு பண்ற காரியம் இல்லப்பா. தப்பு என்னுது."

தோழர்களே, மேலாளருக்குப் பயப்படாத பெண். மூட்டையை மேஜையில் வைத்த பெண். என் ஒருவன் முகத்துக்குப் பயந்திருக்கிறார்! நான் இல்லாமல் மடிக்க வேண்டியிருக்குமோ என்று பயந்திருக்கிறார். தவறு என்னுடையது அக்கா, உங்களுடையது இல்லை என்று அன்று சொல்லியிருக்க வேண்டும். மாமா மருந்தோடு வந்துவிட்டார், பேச்சு மாறிவிட்டது. அதற்குப் பிறகு போனபோதெல்லாம் அவர் தூங்கிக்கொண்டிருந்தார். நான் சொல்லவே இல்லை. இந்த மேடையில் ஏறியதே அதைச் சொல்லத்தான். தவறு என்னுடையது அக்கா.

அடுத்த மாதம் ஒப்பந்தம் முடிகிறது. பாதிக்கு மேல் உறுப்பினர் இருந்தால்தான் பேச்சுக்கு வருவோம் என்று நிர்வாகம் எழுதிவிட்டது. அக்கா இருந்தவரை நூற்று அறுபத்தொரு பேரில் எண்பத்தொருவர் உறுப்பினர். அவர் போனபின் நூற்று அறுபதில் எண்பது. சரிபாதி. பாதிக்கு மேல் இல்லை, இன்னும் ஒரே ஒருவர் வேண்டும். பேச்சு நடக்காவிட்டால் நோய் விடுப்பும் போகும், பிரிக்கும் அறையின் சம்பளமும் பழைய இடத்துக்குப் போகும். நேற்று தலைவர் என் வீட்டுக்கு வந்து, செயலாளர் பொறுப்பை நீங்கள் ஏற்க வேண்டும் என்று கையைப் பிடித்துக்கொண்டார். தலைவரே, புதிதாகச் சேர்பவர் ஒரு வருடம் எந்தப் பொறுப்புக்கும் வர முடியாது. விதி அப்படி. எழுதியது அக்கா.

ஆனால் ஒரு வேலை எனக்குக் கொடுங்கள். சங்கத்தில் சேராத எண்பது பேரில் என்னைக் கழித்தால் எழுபத்தொன்பது பேர். ஒவ்வொருவரையும் நான் போய்ப் பார்க்கிறேன். அவர்கள் சொல்லப்போகும் சாக்கு எல்லாம் எனக்கு அத்துப்படி, ஒன்பது வருடம் நான் சொன்னவைதான். தம்பியின் கூடத்துக்கும் போகிறேன். அக்கா கேட்காமல் விட்டது என் ஒருவனை. நான் ஒருவரையும் கேட்காமல் விடமாட்டேன். இது நான் அவருக்குக் கொடுக்கும் வாக்கு.

விலகியவன் மறுபடி சேர இரண்டு உறுப்பினர்கள் கையெழுத்திட வேண்டும். படிவம் இதோ, நிரப்பிவிட்டேன். மடிப்புப் பிரிவு நண்பர்களே, பேனாவை உள்ளே வையுங்கள். நீங்கள் பழகிய தோஷத்துக்குப் போட்டுவிடுவீர்கள். கடைசி வரிசையில் இருக்கும் அம்மாக்களே, இந்த இரண்டு கையெழுத்தும் உங்களிடமிருந்துதான் வர வேண்டும். கணக்குக்கு ஆள் வேண்டுமே என்று போடாதீர்கள் என்று சொல்ல ஆசை. ஆனால் கணக்குக்கு ஆள் வேண்டும், அதுதான் உண்மை. அதையும் மீறி உங்களுக்கு மனம் வந்தால் போடுங்கள். வராவிட்டால் உங்கள் மேல் ஒரு குறையும் இல்லை, அடுத்த கூட்டத்திலும் வந்து கேட்பேன்.

ஒருவர் எழுந்திருக்கிறார். கொஞ்சம் வழி விடுங்கள். அம்மா, மெதுவாக வாருங்கள். அன்று வாசலில் நின்று கேட்டுவிட்டுப் போனவர் இவர்தான். என்னைத் திட்ட வேண்டும் என்றால் இந்த மைக்கிலேயே திட்டுங்கள் அம்மா, ஒன்பது வருடம் அடக்கி வைத்தது. வேண்டாமா? சரி. இதோ பேனா. இந்த இடத்தில்.

ஒரு கையெழுத்து ஆகிவிட்டது. இன்னும் ஒன்று வேண்டும். நான் இங்கேயே நிற்கிறேன்.