பதினொண்ணாவது ரேகை

உக்காருங்க சார். அய்யோ, அந்த ஸ்டூல் வேணாம். தம்பி ஒரு தரம் உக்காந்தான், அதுலேர்ந்து கால் ஆடுது. ஆமா, தம்பின்னா நீங்க தேடி வந்த பூதம்தான். எழுநூறு வயசாம், என்னைப் போய் அக்காங்கிறான். அநியாயத்தைப் பாருங்க!

உள்ளதான் துணி தேய்ச்சுக்கிட்டிருக்கான். இஸ்திரிப் பெட்டியா? அவனுக்கு எதுக்கு? உள்ளங்கையே சூடுதானே, ஒரு தடவு தடவினா மடிப்பு அப்படியே நிக்கும். முதல் வாரம்தான் சொதப்பிட்டான். சட்டையைக் கழட்டி வாங்கணும்னு தெரியல. தபால்காரரைச் சட்டையோட மேசையில படுக்கவச்சுத் தேய்ச்சுட்டான்! சிரிக்கிறீங்களா? அவரும் சிரிச்சாரு சார், பல வருஷ முதுகுவலி போயிடுச்சாம். இப்போ வாராவாரம் தானா வந்து குப்புறப் படுத்துக்கிறாரு.

மனு தெரியும் சார். இந்தத் தெருவுல பூதம் குடியிருக்கக் கூடாது, பதினொரு பேர் ஒப்பம். அதுக்கு மூணு வருஷம் கழிச்சு அவனை ஏத்திட்டுப் போக வண்டியோட வந்திருக்கீங்களே, உங்க ஆபீஸ் வேகத்துக்கு நான் கும்பிடு போடணும்!

கேளுங்க. மனு போன மறுமாசம் எனக்கு இந்த மணிக்கட்டு பிசகிடுச்சு. பெட்டியைத் தூக்க முடியல. பள்ளிக்கூடச் சீருடை நாப்பது குவிஞ்சு கிடக்கு, மறுநாள் குடுக்கணும். நான் உக்காந்து அழறேன். அப்போ எதிர்க் கிடங்குல குடியிருந்த இந்தத் தம்பி குனிஞ்சு உள்ள வந்தான். அத்தனையும் தேய்ச்சு அடுக்கிட்டு, என் மணிக்கட்டை ரெண்டு விரலால பிடிச்சு ஒத்தடம் குடுத்துட்டுப் போனான். மறுநாளும் வந்தான். அப்புறம் போகவே இல்ல. எனக்கு இன்னைக்கும் அதை நெனச்சா வெக்கமா இருக்கு சார்.

எதுக்கு வெக்கமா? அந்தத் தாளைக் குடுங்க. மேல முதல் பேரு பாருங்க. நான்தான். இவன் கையிலயே சூடு இருக்கே, என் பொழப்பு போயிடுமேன்னு வீடுவீடா ஏறி இறங்கினேன். இப்போ கடைசியா பாருங்க. கருகின கட்டைவிரல் ரேகை, தெரியுதா? அது அவனோடது. எல்லாரும் போடறாங்களே, நானும் தெருக்காரன்தானே அக்கான்னு விரலை நீட்டினான். அவனுக்குப் படிக்கத் தெரியாது. நானும் வாயைத் திறக்காம தாளைக் காட்டினேன் சார்.

சரி, பேனா குடுங்க, என் பேரை அடிச்சுடறேன். மீதி ஒம்போது பேரும் வெளியில துணியோட வரிசையில நிக்கிறாங்க, கூப்பிட்டா வந்து அடிச்சுடுவாங்க. அந்த ரேகையை மட்டும் விட்டுடுங்க. அது இந்தத் தெருக்காரன் வச்சது.