மாப்பிள்ளைக்கு ஒரு லைசென்ஸ்

ஏசியைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளுங்கள், வக்கீல் ஐயா. சர்வர் அறையிலேயே கிடந்து எனக்குக் குளிர் பழகிவிட்டது. உங்களுக்குத்தான் தொண்டை கட்டியிருக்கிறது.

என் வேலை சுலபமானது. கட்டடங்களின் பலத்தைக் கணக்குப் பார்க்கும் மென்பொருள் விலை அதிகம், ஆபீஸில் ஆளுக்கொன்று கிடையாது. அதை ஓட்டுவதற்கான அனுமதிதான் லைசென்ஸ்; இருக்கிற சிலவற்றை என் சர்வர்தான் கேட்பவர்களுக்குக் கொடுக்கும். மவுஸ் அசையாமல் கிடந்தால் பிடுங்கிவிடும். எவ்வளவு நேரத்தில் பிடுங்குவது என்று முடிவு செய்பவன் நான். பெரிய பெரிய பொறியாளர்களெல்லாம் என் வாசலில் வந்து பல்லைக் காட்டுவார்கள்.

என் தங்கையின் கணவரும் அங்கே பொறியாளர். கெட்டிக்காரர், ஒத்துக்கொள்கிறேன். எங்கள் வீட்டில் அவரைத் தலையில் தூக்கி வைத்து ஆடினார்கள். ஒருநாள் சாப்பிடும்போது, "மச்சானுக்கென்ன, பூட்டுறதும் திறக்கறதும்தானே வேலை" என்றார். எல்லோரும் சிரித்தார்கள், தங்கையும்தான். எனக்குச் சுருக்கென்றது.

மறுநாள் அவர் பெயருக்கு மட்டும் நேரத்தைக் குறைத்தேன். பெரிய கணக்கு ஓடும்போது கம்ப்யூட்டர்தான் உழைக்கும், மனிதனின் கை சும்மா இருக்கும். சர்வருக்கு அதெல்லாம் தெரியாது.

அப்போது அவர் ஒரு பேருந்து நிலையத்தின் கூரையை வரைந்துகொண்டிருந்தார். கடைசி நேரத்தில் தூண்களை மெலிதாக்கச் சொல்லிவிட்டார்கள். மறுபடி கணக்கை ஓட்டினார், பாதியில் நின்றது. திரும்பவும் ஓட்டினார், திரும்பவும் நின்றது. என் அறைக்கு வந்தார்.

"மச்சான், நாளைக்கு வரைபடம் போயாகணும். இன்னிக்கு ஒருநாள் மட்டும் விட்டுக்குடுங்க."

"எல்லாரும் வரிசையில நிக்கறாங்க மாப்பிள்ளை. சொந்தக்காரருக்குன்னு தனிச் சட்டமா?"

வரிசையில் யாரும் இல்லை, ஐயா. லைசென்ஸ் காலியாகத்தான் கிடந்தது.

தடித்த தூண்களுக்குப் போட்ட பழைய கணக்கை நம்பிக் கையெழுத்துப் போட்டுவிட்டார். கடைசிச் சோதனை முடியவே இல்லை என்பது என் திரையில் தெரிந்தது. கூரை எழும்பிய மாதங்களெல்லாம் வாயைத் திறந்திருக்கலாம். திறந்தால், நேரத்தைக் குறைத்தது யார் என்று கேட்பார்களே.

கூரையைத் தாங்கி நிற்கும் முட்டுகளைப் பிரிக்கும் அன்று, வரைந்த பொறியாளர் கூரைக்கடியில் போய் நிற்பது எங்கள் ஆபீஸ் வழக்கம். அதுவும் எனக்குத் தெரியும். காலையில் அவருக்குப் போன் செய்து, "சாப்பிட்டுட்டுப் போங்க மாப்பிள்ளை" என்றேன். முட்டு பிரிந்ததும் கூரை இடிந்து விழுந்தது; அவரோடு இரண்டு வேலையாட்களும் செத்துப்போனார்கள்.

தங்கை இப்போது என் வீட்டில்தான் இருக்கிறாள். தப்புக் கணக்குப் போட்டு ஆளைக் கொன்றவர் என்று ஊரே அவள் புருஷனை ஏசுகிறது. "எனக்குன்னு இருக்கறது நீ ஒருத்தன்தாண்ணா" என்று நேற்றும் அழுதாள். இதை அவளிடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள், ஐயா. பாவம், அவளுக்கு என்னை விட்டால் யார் இருக்கிறார்கள்?