கூரைக்கும் சேர்த்துத் தடை

இராமநாதபுரம் கோர்ட் வாசலில் ஏறிய கணவனும் மனைவியும் எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்தார்கள். சிக்கல் போகும் பஸ்.

"செல்போன் டவருக்குத்தான் தடை வாங்கியாச்சுல்ல, பெறகு ஏன் மூஞ்சியத் தூக்கி வச்சிருக்கீக?"

"அடுத்த வாய்தா வரைக்கும் எடம் இப்ப இருக்குறபடியே இருக்கணுமாம்."

"நல்லதுதான?"

"டவர் போட எடம் வேணும்னு என் தம்பி நம்ம மாட்டுக்கொட்டகைக் கூரையப் பிரிச்சுப் போட்டான்ல? அதையும் திரும்ப மேயக்கூடாதாம்."

"அப்ப நாம ஜெயிச்சமா, தோத்தமா?"

"நம்ம வக்கீல் எனக்குக் கை குடுத்தாரு. அவன் வக்கீலும் அவனுக்குக் கை குடுத்தாரு."

ஜன்னலுக்கு வெளியே கிழக்கே கறுத்திருந்தது.

"மழை வருது. மாட்ட அவுத்து வேற எங்கயாச்சும் கட்டலாம்ல?"

அவர் கோர்ட் இருந்த திசையைத் திரும்பிப் பார்த்தார்.

"அதக் கேக்காம வந்துட்டேனே."