அக்கா திருப்பிக் கொடுத்த இசைத்தட்டு

அவைக்குத் தலைமை தாங்கி, நான் எப்போது அமர்வேன் என்று இப்போதே கைக்கடிகாரத்தைப் பார்க்கத் தொடங்கிவிட்ட தலைவர் அவர்களே! முன்வரிசையை முழுமையாக்கும் மூத்தோர்களே! பிள்ளைகளை மடியிலும் பொறுமையை மனத்திலும் ஏந்தி வந்திருக்கும் தாய்மார்களே! மின்னிசையை வெறும் இரைச்சல் என்று அன்று ஏசிவிட்டு, இன்று இடம்பிடிக்க முந்தி வந்திருக்கும் என் அருமைப் பக்கத்து வீட்டார்களே! அனைவருக்கும் என் அன்பு வணக்கம்.

நாடுகள் பல கொண்டாடும் மின்னிசைக் கலைஞர், நாங்கள் வீட்டில் 'வண்டு' என்று அழைக்கும் என் மைத்துனர். அவருடைய தொடக்ககாலப் பதிவுகளைத் தொகுத்து இன்று வெளியிடுகிறோம். இந்தப் பாடல்கள் எங்கே பிறந்தன? அரங்கத்திலா? ஆய்வுக்கூடத்திலா? இல்லை ஐயா, இல்லை! அவருடைய அக்காவின் தையல்கடையில், பழைய ரேடியோக்களின் வயிற்றைப் பிரித்தெடுத்த பாகங்களில் பிறந்தன!

அந்த அக்காதான் என் மனைவி. குழந்தையாக இருந்தபோது வந்த காய்ச்சலில் செவித்திறனை இழந்தவர். உதட்டைப் பார்த்தே ஊர்வம்பு அத்தனையும் தெரிந்துகொள்வார். சிரிக்காதீர்கள், நான் முணுமுணுத்தால்கூட மாட்டிக்கொள்கிறேன்!

ஒருநாள் அந்தப் பாகங்களால் செய்த கருவியைத் தம்பி கடையில் வாசித்துக்கொண்டிருந்தார். துணி வெட்டும் மேசைமேல் கை வைத்த அக்கா அப்படியே நின்றுவிட்டார்.

"டேய் வண்டு, நிறுத்தாதடா! கைக்குள்ள என்னமோ ஓடுது!"

அன்றே ஒலிபெருக்கியை மேசைக்கு அடியில் கட்டினார் தம்பி. மேலே அக்காவின் கை; கீழே தம்பியின் இசை. அக்காவின் விரல் சும்மா இருந்தால் மெட்டை மாற்றுவார். விரல் தாளம் போட்டால் பதிவு செய்வார். காது கேளாத ஒருவருக்காகவே இசையமைத்த கலைஞரைக் கண்டதுண்டா? கேள்விப்பட்டதுண்டா? நினைக்க நினைக்க எனக்கு இன்றும் மெய்சிலிர்க்கிறது!

என்ன பின்வரிசையில்? 'பாட்டைப் போடுங்க' என்கிறாரா அந்த இளைஞர்? போடுகிறோம் ஐயா. அதற்குள் ஒரு விபத்தைச் சொல்லிவிடுகிறேன்.

பழைய ஒலிநாடாக்களில் இசைக்கு அடியில் ஓர் உறுமல் ஓடிக்கொண்டே இருந்தது. ஒலிப்பொறியாளர் அதைக் கோளாறு என்று நினைத்தார். அவர் தொழிலில் அப்படித்தான் நினைப்பார்கள். தம்பியோ பேரும் புகழும் வந்த கூச்சத்தில், "சுத்தம் பண்ணிடுங்க" என்று தலையாட்டிவிட்டார். அடித்தளத்திலேயே கை வைத்துவிட்டார்கள்! தட்டுகள் அச்சாகிப் பெட்டி பெட்டியாக வந்திறங்கின. முதல் தட்டோடு அக்காவிடம் ஓடிவந்தார் தம்பி. நானும் அங்கேதான் இருந்தேன்.

பாட்டு ஓடியது. அக்கா மேசையில் கை வைத்துக் காத்திருந்தார்.

"போடுடா."

"ஓடுதுக்கா."

"பொய் சொல்லாத. ஒண்ணுமே வரல."

தம்பிக்குப் பேயறைந்த முகம். அக்கா தட்டை எடுத்து, உறையில் போட்டு, அவர் கையிலேயே திணித்தார்.

"இது ஊருக்குப் போட்டது. எனக்குப் போட்டது எங்கடா?"

தம்பி நேராக இசைத்தட்டு நிறுவன முதலாளியிடம் போனார். முதலாளி கொதித்துவிட்டார். "பெட்டியெல்லாம் வண்டியில ஏத்தியாச்சு! ஒருத்தருக்காக எல்லாத்தையும் திருப்பச் சொல்றீங்களா?"

தம்பி கேட்டார்: "அந்த ஒருத்தருக்காகத்தானே சார் நான் இதப் போட்டதே?"

அவ்வளவுதான்! வண்டி நின்றது! பெட்டிகள் இறங்கின! வெட்டி எறிந்த உறுமல், அக்காவின் கைக்குள் ஓடிய அதே உறுமல், வீடு திரும்பியது! முறைக்காதீர்கள் முதலாளி, உங்களைப் புகழ்ந்துகொண்டுதான் இருக்கிறேன். அன்று தலையசைத்த உங்கள் பெருமனத்தை இந்த அவை மறக்காது.

புதிய தட்டை அக்கா இன்னும் தொட்டுப் பார்க்கவில்லை. எவ்வளவு கெஞ்சியும், "எல்லாரும் கேக்குறப்ப நானும் கேக்குறேன்" என்று சொல்லிவிட்டார். தம்பி காலையிலிருந்து ஒரு வாய் சாப்பிடவில்லை.

ஆகவே பெரியோர்களே, தாய்மார்களே! இந்த மரத்தளத்துக்கு அடியில் ஒலிபெருக்கிகளைக் கவிழ்த்து வைத்திருக்கிறோம். இசை எழும்போது தயவுசெய்து யாரும் கைதட்டாதீர்கள். குனிந்து தரையில் கை வையுங்கள். அதோ, மேடை ஓரத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு நிற்கிறார் அக்கா. அவர் முகத்தைப் பாருங்கள். அவர் சிரித்தால், இந்தத் தொகுப்பு வெளியாகிவிட்டது என்று பொருள்.

பொறுமையோடு கேட்ட செவிகளுக்கும், இனி கேட்கப்போகும் கைகளுக்கும் என் நன்றி. வணக்கம்!