இரவல் கொடுத்த ஆண் பாம்பு

நோலீன் போடும் தேநீரில் சர்க்கரை எப்போதும் கூடுதல். நான் குறை சொன்னதில்லை, டாக்டர். பல வருஷமாக அவள் சமையலறையில் உட்கார்ந்து அதைத்தான் குடித்துவருகிறேன்.

நாம்பூரில் எனக்குப் பழைய சாமான் கடை. அடுத்த வீடு அவளுடையது. புருஷன் இறந்த பிறகு, அவர் முட்டையிலிருந்து வளர்த்த மலைப்பாம்புகள்தான் அவளுக்குத் துணை.

போன குளிர்காலத்தில் ஒருநாள் சொன்னாள்: "மெர்வ், அடிலெய்டுக்கே வந்துடும்மான்னு மக கூப்பிடுறா. இதுங்களையும் கூட்டிட்டுப் போறேன்."

"பாம்பப் பாத்தா உன் மருமகன் ஓடிருவான்."

"தினம் உன்னையப் பாத்துட்டு நான் ஓடலையே."

சிரித்தோம். பேரம் படியாதபோது கடையில் சிரிப்பேனே, என்னுடையது அந்தச் சிரிப்பு.

என்னிடமும் ஒரு ஆண் மலைப்பாம்பு உண்டு; அந்த வாரம்தான் அதன் பரிசோதனை முடிவைச் சொன்னீர்கள். பாம்புகளைப் பிடிக்கும் வைரஸ். மருந்து கிடையாது. வெளியே தெரியாமலும் இருக்கும். அது புகுந்த கொட்டகையிலிருந்து எந்தப் பாம்பும் வெளியே போகக் கூடாது. கடைசியில் சொன்னதை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

இணைசேரும் பருவத்தில் ஆண் பாம்பை இரவல் கொடுப்பது பாம்பு வளர்ப்பவர்களுக்குள் வழக்கம். வாங்குகிறவர்கள் பரிசோதனை ஆயிற்றா என்று கேட்பார்கள். சிநேகிதனை அப்படிக் கேட்க அவளுக்கு வாய் வரவில்லை.

"போறதுக்கு முன்னாடி ஒரு ஈடு முட்டை எடுத்துக்கோ" என்று என் ஆண் பாம்பை நானே கொண்டுபோய் அவள் கொட்டகையில் விட்டேன். பளபளவென்று இருந்தான். சரக்கில் யாரும் குறை சொல்ல முடியாது.

பாம்புகள் இங்கேயே இருக்கும், அவளும் இருப்பாள் என்றுதான் நினைத்தேன். ஆனால் அவள் பாம்புகள் முதலில் இரை எடுக்க மறுத்தன. பிறகு தலை நடுங்கியது. கழுத்தை முறுக்கிக்கொண்டு கூரையைப் பார்த்தபடி கிடந்தன. ஒவ்வொன்றுக்கும் நான்தான் குழி தோண்டினேன்.

"என் கையாலதான் வந்திருக்கும் மெர்வ். ஒரு பெட்டியத் தொட்டுட்டுக் கழுவாம அடுத்ததத் தொட்டிருப்பேன்."

"விடு நோலீன், யாருக்கும் நடக்கறதுதான்" என்றேன்.

இப்போது காலிப் பெட்டிகளைத் தேய்த்துத் தேய்த்து அவள் கையில் தோலே இல்லை. மகள் போன் செய்தால், "இந்தக் கையால பேத்தியத் தூக்க மாட்டேன், நான் வரல" என்று வைத்துவிடுகிறாள்.

அந்தப் பாம்பு எங்கே போயிற்று என்று கேட்டீர்கள். தெரிந்தேதான் கொடுத்தேன், எழுதிக்கொள்ளுங்கள். அவளிடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள், டாக்டர். பாவம், என்னை விட்டால் அவளுக்கு யார் இருக்கிறார்கள்?