உப்புத் தின்ற குற்றத்துக்கு ஓர் உலக வரலாறு

விழாவின் தலைமையை விரும்பி ஏற்று, மேடையிலுள்ள ஒரே மெத்தை நாற்காலியை அதைவிட விரும்பி ஏற்றிருக்கும் கொல்பபம்பா ஊர்ச்சபைத் தலைவர் கிறிஸ்பின் அவர்களே, மலையேறி மூச்சு முட்டி, கோக்கா இலைத் தேநீர் இரண்டு குவளை குடித்து இப்போதுதான் முகத்தில் நிறம் திரும்பியிருக்கும் மாவட்ட வேளாண் அதிகாரி அவர்களே, தொப்பியைக் கண்வரை இறக்கிவிட்டு ஊரின் எதிர்காலத்தை ஆழ்ந்து சிந்தித்துக்கொண்டிருக்கும் முன்வரிசைப் பெரியோர்களே, ஒரே நேரத்தில் கம்பளி நூற்று, பிள்ளைக்குப் பால் கொடுத்து, என்னையும் விமர்சித்துக்கொண்டிருக்கும் ஆற்றல்மிகு தாய்மார்களே, உங்கள் அனைவருக்கும் இந்தப் பெர்பெத்துவாவின் வணக்கம்.

இன்றைய உருளைக்கிழங்கு நாள் விழாவின் நிகழ்ச்சி நிரலைப் பார்த்தேன். நான்காவது, உலக வரலாற்றில் உருளைக்கிழங்கின் பங்கு, உரை பெர்பெத்துவா. ஐந்தாவது, காவலில் தவறிய நிக்காசியோவின் நிலப்பங்கைப் பறிக்கும் தீர்மானம். ஆறாவது, விருந்து. நிக்காசியோ என் கணவர். மனைவி வந்து வாழ்த்திப் பேச வேண்டும், அவள் பேசி முடித்ததும் கணவரின் நிலத்தைப் பிடுங்க வேண்டும், பிடுங்கிய கையைக் கழுவிக்கொண்டு எல்லோரும் சாப்பிட உட்கார வேண்டும். இவ்வளவு நேர்த்தியாக வரிசை போட்ட மூளைக்கு முதலில் ஒரு கைதட்டு கொடுங்கள்.

நன்றி. தலைவரும் தட்டுகிறார். இப்போது வரலாற்றுக்கு வருகிறேன்.

மண்ணுக்குள் மறைந்த மாணிக்கம், மலைமக்கள் வளர்த்த மாமருந்து, பசிக்குப் பகையாய்ப் பிறந்த பழங்கிழங்கு நம் உருளைக்கிழங்கு. கடல் தாண்டி வந்தார்களே கனவான்கள், எதற்கு வந்தார்கள்? கிழங்குக்கா வந்தார்கள்? பொன்னுக்கு வந்தார்கள். வெள்ளிக்கு வந்தார்கள். வெள்ளி வெட்ட நம் ஆட்களைச் சுரங்கத்துக்குள் இறக்கினார்கள். இறங்கியவன் எதைத் தின்று வெட்டினான்? நம் பெண்கள் பனியில் உறையவைத்து, காலால் மிதித்து, வெயிலில் காயவைத்த சூன்யோ என்னும் கிழங்கு வற்றலைத் தின்று வெட்டினான். உலகத்தையே பளபளக்க வைத்த அந்த வெள்ளிக்குள் நம் பெண்களின் குதிகால் வெடிப்பும் இருக்கிறது. எந்த நாணயத்திலாவது அந்தக் குதிகாலை அச்சடித்தார்களா?

போகும்போது கப்பலின் மூலையில் நாலு கிழங்கையும் எடுத்துப் போனார்கள். அங்கே போன கிழங்குக்கு என்ன மரியாதை தெரியுமா? தொட்டால் தொழுநோய் வரும் என்றார்கள். வேதப் புத்தகத்தில் இதன் பெயரே இல்லை என்று ஒதுக்கினார்கள். பன்றிக்குப் போட்டார்கள். பன்றி சாகவில்லை, கொழுத்தது. அதற்குப் பிறகுதான் அறிஞர்களுக்கு அறிவு வந்தது. அப்புறம் படைகள் தின்றன, ஆலைகள் தின்றன, ஏழைகள் தின்றார்கள், பிள்ளைகள் பிழைத்தார்கள், ஊர்கள் பெருத்தன. இத்தனையும் செய்த கிழங்குக்கும் அதை வளர்த்த நமக்கும் வருடத்துக்கு ஒரு நாள் விழா. இன்றைக்குத்தான் அந்த நாள். நாம் பூரித்துப் போக வேண்டும்.

என்ன டமாசோ மாமா? சத்தமாகச் சொல்லுங்கள். "வரலாறெல்லாம் இருக்கட்டும், உன் புருஷன் உப்புத் தின்னானா இல்லையா, அதைச் சொல்லு" என்கிறார். சொல்கிறேன் மாமா. உப்பும் வரலாற்றில்தான் வருகிறது. கொஞ்சம் பொறுங்கள்.

ஊருக்குப் புதியவரான அதிகாரி அவர்களுக்காக ஒரு வார்த்தை. என் கணவர் இந்த ஆண்டின் அராரிவா. போன வாரம் நீங்களே என்னைக் கேட்டீர்கள்.

"காவல்காரரா? யார்கிட்ட இருந்து காவல்?"

"வானத்துகிட்ட இருந்துங்க ஐயா."

சிரித்தீர்கள். சிரிக்கலாம். நட்டது முதல் தோண்டும்வரை மலையுச்சிக் குடிசையில் தனியாகக் கிடந்து, மேகம் கறுத்தால் கொம்பூதி, கவண் சுழற்றி, வேட்டு வெடித்து ஆலங்கட்டியை விரட்டுகிறவர் அராரிவா. அதுவரை அவர் உப்புத் தொடக் கூடாது. மனைவியும் தொடக் கூடாது. மனைவியை அவரும் தொடக் கூடாது. பின்வரிசையில் சிரிக்கும் பெண்களே, ஏழு மாதம் நீங்கள் இருந்து பாருங்கள், அப்புறம் சிரியுங்கள். நல்ல மழை பெய்தால் பெருமை மலைதெய்வத்துக்கு. ஆலங்கட்டி பெய்தால் பழி அராரிவாவுக்கு. இப்படி ஒரு பதவி எந்த நாட்டு மந்திரிக்காவது உண்டா?

பிப்ரவரியில் பெய்தது. கோழிமுட்டை அளவு பெய்தது. கீழ்ச்சரிவு முழுவதும் அரைமணி நேரத்தில் கீரைக் குழம்பானது. என் கணவர் கொம்பு ஊதி ஊதி உதடு கிழிந்து நின்றார். மேலே ஓடி வந்த டமாசோ மாமா அந்த உதட்டைப் பார்க்கவில்லை. குடிசை வாசலில் கிழிந்து கிடந்த சிப்ஸ் பாக்கெட்டைப் பார்த்தார். "உப்புத் தின்னுட்டான்டா, வானம் கோச்சுக்கிச்சு" என்று கத்திக்கொண்டே இறங்கினார். ஊர் நம்பியது. இன்று தீர்மானம் வந்திருக்கிறது.

அந்தப் பாக்கெட் எப்படி வந்தது? ஜனவரியில் பயிர் பூத்தபோது சிப்ஸ் கம்பெனிக்காரர்கள் பார்வையிட வந்தார்கள். ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் சொல்லாமல் கொள்ளாமல் போன நம் கிழங்கு, அன்று காகிதம்போல் இளைத்து, உப்பும் எண்ணெயும் பூசிக்கொண்டு, முக்கால் பை காற்றோடு ஊர் திரும்பியது. நாம் வரிசையில் நின்று வரவேற்றோம். ஆளுக்கு ஒன்று. எனக்கு இரண்டு. கொடுத்தவர் இதோ மெத்தை நாற்காலியில் இருக்கிறார்.

"ஒண்ணு உனக்கு, ஒண்ணு நிக்காசியோவுக்கு. புடி பெர்பெத்துவா."

"எங்களுக்கு ஆகாதுங்க தலைவரே. உப்பு."

"உப்பு எங்க கண்ணுல தெரியுது? நம்ம கிழங்குதானே. அராரிவா கிழங்கு திங்கக் கூடாதுன்னு யாராச்சும் சொன்னாங்களா?"

எவ்வளவு பெரிய சட்டஞானம். இங்கே இருப்பதற்கு அவர் உச்சநீதிமன்றத்தில் இருக்கலாம். நான் கணவருடைய பாக்கெட்டோடு மலையேறினேன். நிக்காசியோ வாங்கி முகர்ந்தார். காதருகே வைத்து ஆட்டிப் பார்த்தார்.

"இதையா ஊரே வாய் பொளந்து தின்னுச்சு?"

"ஆமா."

"பளபளன்னு இருக்கு. குருவி விரட்ட ஆவும்."

பிரிக்காமலே கம்பத்தில் கட்டிவிட்டார். ஒரு மாதம் அது வெயிலில் மின்னியது. பிறகு ஆலங்கட்டி அதைக் கிழித்தது. மாமா பார்த்தது அதைத்தான். தின்றவன் பாக்கெட்டைக் கம்பத்தில் கட்டி வைப்பானா மாமா? கயிறு இன்னும் அதில் இருந்ததே, பார்க்கவில்லையா?

இருங்கள், முடிக்கவில்லை. அப்படியானால் உப்பைத் தின்றது யார்? நான். என் பாக்கெட்டை வழியிலேயே பிரித்தேன், ஒன்றுவிடாமல் தின்றேன், விரலையும் நக்கினேன். மூன்று மாதம் உப்பில்லாத வாய். ருசியாக இருந்தது. வெட்கத்தோடு சொல்கிறேன், ஆனால் சொல்கிறேன். தீர்மானத்தில் பெயரைத் திருத்திக்கொள்ளுங்கள். திருத்தும்போது "கொடுத்தவர்" என்று ஓர் இடமும் விட்டு வையுங்கள். தலைவரே, கைக்குட்டை இந்தப் பக்கம் விழுந்திருக்கிறது.

ஆனால் உண்மையாகவே கேட்கிறேன், என் நாக்கிலிருந்த உப்பா கீழ்ச்சரிவை அழித்தது? மேல்சரிவிலும் அதே ஆலங்கட்டிதானே விழுந்தது? அங்கே எங்கள் பங்கில் கறுப்பும் சிவப்பும் கசப்பும் கோணலுமாக முப்பத்தேழு வகை கலந்து நின்றது. சில செத்தன. சில பிந்தி நட்டவை, அப்போதுதான் முளை விட்டிருந்தன, தப்பின. கசப்புக் கிழங்கு, அடித்தவனையே முறைத்துக்கொண்டு நின்றது. கீழே என்ன நின்றது? கம்பெனி கேட்ட ஒரே வகை. ஒரே உயரம், ஒரே நாளில் பூ, ஒரே நாளில் சாவு. கடலுக்கு அப்பால் அயர்லாந்து என்று ஒரு தீவு. அங்கே ஏழைகள் பெரும்பாலும் ஒரே வகையை நம்பி நட்டார்கள். ஒரு நோய் வந்தது. பத்து லட்சம் பேர் செத்தார்கள். பத்து லட்சம் பேர் கப்பலேறினார்கள். அவர்களில் எவன் உப்புத் தின்றான் என்று யாராவது விசாரித்தார்களா?

ஒரே வகை நடலாம் என்று இதே மைதானத்தில் எல்லோரும் கை தூக்கினோம். நானும் தூக்கினேன். நிக்காசியோ ஒருவர்தான் தூக்கவில்லை. "ஊரே ஒரு பக்கம் போனா இவருக்கு மட்டும் என்ன வந்துச்சு" என்று அவரைத் திட்டியவளும் நான்தான். அதை நினைத்தால் இப்போதும் நெஞ்சு சுடுகிறது. நம் கையை நாமே குற்றம் சொல்வது கஷ்டம். தனியாகக் குடிசையில் கிடக்கிறவனைச் சொல்வது சுலபம்.

ஆகவே பெரியோர்களே, ஐந்தாவது நிகழ்ச்சிக்கு வாருங்கள். தாராளமாகக் கை தூக்குங்கள். யார் யார் என்று நான் பார்க்க மாட்டேன், திரும்பி நிற்கிறேன். அக்டோபரில் நடவு. கீழ்ச்சரிவுக்காரர்கள் யார் வீட்டிலும் விதைக்கிழங்கு இல்லை. இந்த ஊரில் விதை இருப்பது எங்கள் வீட்டுப் பரணில் மட்டும்தான். நேற்று அவரைக் கேட்டேன், "நிலத்தைப் புடுங்கினா விதைய என்ன பண்றது?"

"அவங்களுக்குத்தான் குடு. மண்ணு என்ன பாவம் பண்ணுச்சு?"

அவ்வளவுதான் சொன்னார். எனக்கு அந்தப் பெரிய மனசு கிடையாது. அதனால் ஒரே ஒரு நிபந்தனை வைக்கிறேன். பிள்ளைகளை அனுப்பாதீர்கள், நீங்களே வாருங்கள். வீட்டுக்கு ஒரு மூட்டை, முப்பத்தேழு வகையும் கலந்து. கை தூக்கியவருக்கும் உண்டு, தலைவருக்கும் உண்டு. அள்ளிப் போடப் போவது நான் அல்ல, நிக்காசியோ. கிழிந்த உதடு இன்னும் முழுதாக ஆறவில்லை, அதனால் அவர் அதிகம் பேச மாட்டார். அவர் முகத்தைப் பார்த்து விதையை வாங்கிக்கொண்டு போய், அவரிடமிருந்து பறித்த நிலத்தில் நடுங்கள்.

பொறுமையாகக் கேட்ட அனைவருக்கும் நன்றி. தலைவரே, தீர்மானத்தைப் படியுங்கள். வணக்கம்.